கார் பார்க், பார்க்கிங் லாட், பார்க்கேட்: எது எங்கே?

"அமெரிக்க நாவலில் 'பார்க்கிங் லாட்' என்று வருகிறது. பிரிட்டிஷ் தொடரில் 'கார் பார்க்' என்கிறார்கள். கனடாவில் இருக்கும் உறவினர் 'பார்க்கேட்' என்று எழுதுகிறார். குடியிருப்பு ஒப்பந்தத்தில் 'பார்க்கிங் பே' என்று அச்சடித்திருக்கிறது. எல்லாம் ஒன்றுதானா? ஒன்றுதான் என்றால் எதற்கு இத்தனை சொற்கள்?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

ஒன்றல்ல. தமிழில் 'வாகன நிறுத்துமிடம்' என்ற ஒரே சொல் இவை அத்தனையையும் விழுங்கிவிடுகிறது. தெருவோரத்தில் கோடு போட்ட இடமும் நிறுத்துமிடம்தான். பத்து மாடிக் கட்டடமும் நிறுத்துமிடம்தான். நமக்கு அது வசதி. ஆங்கிலத்தில் எழுதும்போது அந்த வசதியே காலை வாரிவிடும். மொழிபெயர்ப்புகளைத் திருத்தும் வேலையில் நான் அடிக்கடி சிவப்பு மையிட்ட இடங்களில் இதுவும் ஒன்று.

எந்தச் சொல்லைப் பார்த்தாலும் முதலில் இரண்டைக் கேட்டுக்கொள்ளுங்கள். பேச்சு ஒரு காருக்கான இடத்தைப் பற்றியா, பல கார்கள் நிற்கும் மொத்த வளாகத்தைப் பற்றியா? அந்த வளாகம் வெட்டவெளியா, கட்டடமா? இவ்விரண்டுக்கும் விடை தெரிந்துவிட்டால் முக்கால்வாசிக் குழப்பம் தீரும். மீதி, பேசுகிறவர் எந்த நாட்டுக்காரர் என்பதைப் பொறுத்தது.

அதற்கு முன்னால், நம்மவர்கள் ஏறக்குறைய எல்லோரும் செய்யும் பிழை ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். 'பார்க்கிங்' என்ற சொல்லையே இடத்துக்குப் பெயராக்கிவிடுகிறோம். "பார்க்கிங்கில் நிற்கிறேன், வந்துவிடு" என்று தமிழில் சொன்னால் குறையொன்றும் இல்லை. அது தமிழோடு கலந்துவிட்ட சொல். ஆங்கிலத்தில் அப்படியே சொன்னால் கேட்பவர் அடுத்த சொல்லுக்காகக் காத்திருப்பார். ஆங்கிலத்தில் அது வண்டியை நிறுத்தும் செயல். நீட்டிச் சொன்னால் நிறுத்துவதற்கான வசதி. "அங்கே பார்க்கிங் உண்டா?" என்று ஆங்கிலத்திலும் கேட்கலாம், ஏனென்றால் கேட்பது வசதியைப் பற்றி. ஆனால் ஒரு பார்க்கிங், இரண்டு பார்க்கிங் என்று எண்ண முடியாது. எண்ண வேண்டுமென்றால் பின்னால் லாட், ஸ்பேஸ், பே என்று ஏதாவது ஒரு வால் ஒட்டியாக வேண்டும். இந்தப் பிழையில் நமக்குக் கூட்டாளிகள் உண்டு. பிரெஞ்சுக்காரர்களும் ஆங்கிலத்திடமிருந்து இதே சொல்லை வாங்கி, 'லெ பார்க்கிங்' என்று இடத்துக்குப் பெயராக வைத்துக்கொண்டார்கள். அவர்கள் மொழியில் அது இப்போது முழுக்கச் சரி.

'பார்க்' என்றால் பூங்காதானே, வண்டி எப்படி அதற்குள் நுழைந்தது என்று சிலர் கேட்பதுண்டு. பழைய பொருளில் 'பார்க்' பூங்காவைக் குறிக்கவில்லை. வேட்டை விலங்குகளை அடைத்துவைத்த வேலியிட்ட நிலம் அது. பிறகு படைகள் தங்கும்போது பீரங்கிகளையும் வண்டிகளையும் வரிசையாக நிறுத்திவைக்கும் களத்துக்கு அந்தப் பெயர் போயிற்று. அங்கிருந்துதான் வண்டியை நிறுத்துவது என்ற வினை பிறந்தது. ஆட்டுப்பட்டி, மாட்டுப்பட்டி என்று நாம் சொல்கிறோமே, அந்தப் 'பட்டி' பழைய 'பார்க்'குக்கு வெகு நெருக்கம். கார் பார்க்கைக் கார்ப்பட்டி என்று மொழிபெயர்க்கச் சொல்லவில்லை. சொல்லின் வேரை நினைவில் வைக்க அது உதவும்.

இதில் வேடிக்கை ஒன்றும் உண்டு. வாஷிங்டன் நகரில் 1870இல் வந்த சட்டத்தில் 'பார்க்கிங்' என்பது, மிக அகலமாக இருந்த தெருக்களின் ஓரத்தை ஒதுக்கி மரமும் புல்லும் வளர்ப்பது என்ற பொருளில் வருகிறது. பசுமைக்காக ஒதுக்கிய ஓரத்தின் பெயர், பின்னாளில் மரத்தை ஓரங்கட்டிவிட்டு வண்டி நிற்கும் ஓரத்தின் பெயராயிற்று.

இனி உங்கள் முதல் சொல். 'பார்க்கிங் லாட்' அமெரிக்கச் சொல், கனடாவிலும் புழங்கும். இதில் 'லாட்' என்பது மனை. குடியேறிய காலத்தில் நிலத்தைப் பங்கு போட்டுச் சீட்டுக் குலுக்கி ஆளுக்கொரு துண்டு கொடுத்தார்கள். குலுக்கல் சீட்டுக்கு இருந்த பெயரே நிலத்துண்டுக்கும் ஒட்டிக்கொண்டது. லாட்டரியில் இருப்பதும் இதே வேர்தான். காலி மனையை அமெரிக்கர்கள் இன்றும் 'வேகன்ட் லாட்' என்கிறார்கள். ஆகவே பார்க்கிங் லாட் என்றதும் அவர்கள் மனத்தில் எழுவது, வானம் பார்த்த, சமதளமான, தார் போட்டுக் கோடு கிழித்த பரப்பு. கட்டடத்துக்கு அந்தப் பெயர் பொருந்தாது. "மூன்றாம் மாடி பார்க்கிங் லாட்டில் நிறுத்தினான்" என்று எழுதினால் அமெரிக்க வாசகர் நெற்றியைச் சுருக்குவார்.

பிரிட்டனின் 'கார் பார்க்' அப்படி இல்லை. அது வெட்டவெளியாகவும் இருக்கலாம், கட்டடமாகவும் இருக்கலாம், நிலத்தடியிலும் இருக்கலாம். பல கார்களை நிறுத்த ஒதுக்கிய இடம் என்பதோடு அந்தச் சொல் நின்றுவிடுகிறது. எந்த வகை என்று சொல்ல வேண்டுமானால் 'மல்டி ஸ்டோரி', 'அண்டர்கிரவுண்ட்' என்று முன்னால் சேர்த்துக்கொள்வார்கள். பேச்சில் கார் பார்க் என்பதையே விட்டுவிட்டு 'மல்டி ஸ்டோரியில் விட்டிருக்கிறேன்' என்று முடித்துவிடுவதும் உண்டு. பிரிட்டிஷ் நூலை அமெரிக்க வாசகருக்காக மாற்றும்போது 'கார் பார்க்' வருகிற இடமெல்லாம் கண்ணை மூடிக்கொண்டு 'பார்க்கிங் லாட்' என்று போடக் கூடாது என்பது இதனால்தான். அந்தப் பத்தியில் படிக்கட்டோ லிஃப்டோ வருகிறதா என்று பார்த்துவிட்டுத்தான் கை வைக்க வேண்டும்.

ஆஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் இதே சொல் இன்னொரு வேலையும் செய்கிறது. அங்கே ஒரே ஒரு கார் நிற்கும் இடத்தையும் 'கார் பார்க்' என்பார்கள். ஆஸ்திரேலிய நண்பர் ஒருவர், "வாசலிலேயே எனக்கு ஒரு கார் பார்க் கிடைத்துவிட்டது" என்று எழுதியிருந்தார். இவருக்கு யார் மைதானத்தை எழுதிவைத்தார்கள் என்று நான் சிறிது நேரம் யோசித்துக்கொண்டிருந்தேன். அவருக்குக் கிடைத்தது நான்கு சக்கரம் அடங்கும் இடம், அவ்வளவுதான்.

கட்டடத்துக்கு வந்தால் அமெரிக்கர்களுக்குள்ளேயே ஒற்றுமை கிடையாது. நாடு முழுக்கப் புரியும் பொதுச்சொல் 'பார்க்கிங் கராஜ்'. கலிஃபோர்னியாவில் 'பார்க்கிங் ஸ்ட்ரக்சர்' என்பது சகஜம். தென்கிழக்கு மாநிலங்களில் 'பார்க்கிங் டெக்'. மினசோட்டா, விஸ்கான்சின் பக்கமும் பஃபலோ நகர வட்டாரத்திலும் 'பார்க்கிங் ராம்ப்'. இந்தக் கடைசிச் சொல்தான் வெளியூர்க்காரரைத் திணறடிக்கும். மற்ற எல்லோருக்கும் ராம்ப் என்றால் சாய்தளம், அதாவது ஒரு மாடியிலிருந்து அடுத்த மாடிக்கு வண்டி ஏறும் சரிவு. மினசோட்டாக்காரர் "காரை ராம்பில் விட்டிருக்கிறேன்" என்றால் சரிவின் நடுவே விட்டுவிட்டு வந்தார் என்று பயப்பட வேண்டாம். முழுக் கட்டடத்தையும்தான் அப்படிச் சொல்கிறார். ஒரு பாகத்தின் பெயர் முழுமைக்கு ஆகி வருவது நம் இலக்கணத்துக்குப் புதிதல்ல, சினையாகுபெயர் என்று படித்திருக்கிறோம்.

உங்கள் உறவினர் எழுதிய 'பார்க்கேட்' கனடாவின் மேற்குப் பகுதிச் சொல். ஆல்பர்ட்டா, பிரிட்டிஷ் கொலம்பியா போன்ற மாகாணங்களில் மாடி நிறுத்தகங்களுக்கு அதுதான் பெயர். ஆர்கேட் என்ற சொல்லின் வாலை வெட்டி 'பார்க்'கில் ஒட்டியது போன்ற அமைப்பு. தென்னாப்பிரிக்காவிலும் இச்சொல்லைக் கேட்கலாம். லண்டனிலோ நியூயார்க்கிலோ சொன்னால் ஏதோ விளையாட்டரங்கம் என்று நினைத்துக்கொள்வார்கள். எனக்கென்னவோ இந்தக் கூட்டத்திலேயே அழகான சொல் இதுதான் என்று தோன்றுகிறது: இரண்டே அசை, பின்னால் ஒட்டுகள் இல்லை, கட்டடம் என்பதும் தெளிவு.

இத்தகைய கட்டடங்கள் நேற்று முளைத்தவை அல்ல. லண்டனில் பிக்கடிலி சர்க்கஸ் அருகே டென்மன் தெருவில் 1901இலேயே ஏழு மாடி நிறுத்தகம் இருந்தது. கார்களை மேலே ஏற்ற மின்தூக்கி வைத்திருந்தார்கள். பிறகு வந்த சாய்தளம் மின்தூக்கியை ஓரங்கட்டிவிட்டது. சிகாகோவில் 1960களில் எழுந்த மரினா சிட்டியின் இரட்டைக் கோபுரங்களில் கீழ் 19 தளங்கள் முழுக்கச் சுருள் சுருளாக ஏறும் கார் நிறுத்தகம்தான். மனிதர்கள் அதற்கு மேலே குடியிருக்கிறார்கள். வண்டிகள் முகப்பை வெளியே நீட்டிக்கொண்டு விளிம்பில் நிற்பதைத் தெருவிலிருந்தே பார்க்கலாம்.

'கராஜ்' என்ற சொல்தான் இவற்றில் மிகப் பெரிய குறும்புக்காரன். பிரெஞ்சில் 'காரே' (garer) என்றால் பத்திரமான இடத்தில் சேர்ப்பது, ஒதுக்கி நிறுத்துவது. அந்த வினையிலிருந்து பிறந்ததே ரயில் நிலையத்துக்குப் பிரெஞ்சுக்காரர்கள் சொல்லும் 'கார்' (gare) என்ற பெயரும். 1900களின் தொடக்கத்தில் மோட்டார் வண்டியோடு சேர்ந்து 'கராஜ்' ஆங்கிலத்துக்குள் வந்தது. அமெரிக்கர்கள் பிரெஞ்சு வாடையோடு இரண்டாம் அசையை அழுத்தி 'கராஜ்' என்கிறார்கள். பிரிட்டனில் பலர் முதல் அசையை அழுத்திக் 'கேரிட்ஜ்' என்று சொல்வார்கள். உச்சரிப்பு எப்படியும் போகட்டும், பொருளைக் கவனியுங்கள். பிரிட்டனில் "கார் கராஜில் இருக்கிறது" என்றால் வீட்டோடு ஒட்டிய அறையில் பூட்டியிருக்கலாம். பழுது பார்க்கும் பட்டறையில் கிடக்கலாம். "வழியில் கராஜில் நிறுத்திப் பால் வாங்கி வா" என்றால் அது பெட்ரோல் நிலையம். அமெரிக்காவில் வீட்டு அறையும் மாடிக் கட்டடமும் கராஜ். பட்டறையையும் பழைய வழக்கில் அப்படிச் சொல்வதுண்டு, பெட்ரோல் நிலையத்தைச் சொல்வதில்லை. வேண்டாத சாமான்களை வீட்டு வாசலில் பரப்பி விற்பதை அமெரிக்கர்கள் 'கராஜ் சேல்' என்கிறார்கள். பிரிட்டனில் அதே சாமான்களைக் காரின் பின்பெட்டியில் ஏற்றிக்கொண்டு போய் ஏதாவது வயலிலோ கார் பார்க்கிலோ கூடி விற்பார்கள். அதற்கு 'கார் பூட் சேல்' என்று பெயர்.

கராஜுக்குச் சுவரும் கதவும் வேண்டும். கூரை மட்டும் இருந்து பக்கங்கள் திறந்திருந்தால் அது 'கார்போர்ட்'. துறைமுகத்தில் கப்பல் ஒதுங்குவது போலக் கார் ஒதுங்குமிடம். கட்டடக் கலைஞர் ஃபிராங்க் லாயிட் ரைட் 1930களில் எளிய குடும்பங்களுக்கென்று வடிவமைத்த வீடுகளில் இதை விரும்பி வைத்தார்; விஸ்கான்சின் மாநிலம் மேடிசன் நகரில் 1937இல் முடிந்த ஜேக்கப்ஸ் வீடு அவற்றுள் ஒன்று. காருக்குக் கூரை போதும், கதவு எதற்கு என்பது அவர் கட்சி. தமிழில் இதற்கு 'கொட்டகை' நன்றாகவே பொருந்தும். கராஜுக்கு அந்தச் சொல்லைப் போடாதீர்கள்.

இனி ஒரே ஒரு காருக்கான இடம். எழுத்திலும் சட்டத்திலும் அறிவிப்புப் பலகையிலும் எந்த நாட்டிலும் பிழைபடாத சொல் 'பார்க்கிங் ஸ்பேஸ்'. சந்தேகம் வந்தால் இதைப் போட்டுவிடுங்கள், யாரும் குறை சொல்ல முடியாது. 'ஸ்பாட்' பேச்சுச் சொல், அமெரிக்க வாடை கூடுதல். தேடி அலைந்து பிடித்த இடம் என்ற தொனி அதில் உண்டு. 'ஸ்லாட்' என்பதை நாம் நிறையப் பயன்படுத்துகிறோம். புரியும், ஆனால் பிரிட்டிஷ், அமெரிக்கக் காதுகளுக்கு அது முதலில் நேரத்தை நினைவூட்டும்: மருத்துவரைப் பார்க்க ஒதுக்கிய பத்தரை மணி ஸ்லாட் போல.

'ஸ்டால்' என்றால் குதிரைக்கோ மாட்டுக்கோ தடுத்துவிட்ட கொட்டில். அமெரிக்க மேற்கிலும் கனடாவிலும், கட்டட வரைபடங்களிலும் நகரத் திட்ட விதிகளிலும் ஒரு காரின் இடத்தை இப்படிச் சொல்வார்கள். ஓடிக்கொண்டிருக்கும் எஞ்சின் திடீரென நின்றுபோவதற்கும் ஆங்கிலத்தில் இதே சொல் வினையாக வரும் என்பதால் வாக்கியத்தை ஒரு தடவைக்கு இரண்டு தடவை படித்துக்கொள்ளுங்கள்.

'பே' பிரிட்டிஷ் சொல். சுவரிலோ வரிசையிலோ உள்வாங்கிய பகுதி என்பது அடிப்படைப் பொருள். அதனால் கோடு போட்டுப் பிரித்த ஒவ்வொரு கட்டமும் ஒரு பே. சரக்கு இறக்குவது 'லோடிங் பே', மாற்றுத்திறனாளிகளுக்கானது 'டிசேபிள்ட் பே'. பிரிட்டனில் நெடுங்காலமாக வழக்கத்தில் உள்ள அளவு 2.4 மீட்டர் அகலம், 4.8 மீட்டர் நீளம். அமெரிக்காவில் ஏறக்குறைய 9 அடிக்கு 18 அடி, அதாவது சுமார் 2.7 மீட்டருக்கு 5.5 மீட்டர், வண்டிகளும் அங்கே பெரியவை அல்லவா. மாற்றுத்திறனாளிகளுக்கான இடத்தில் காரின் கட்டத்தை ஒட்டிக் கோடுகள் நிரப்பிய ஒரு பட்டை இருக்கும். பிரிட்டிஷ் வழக்கில் அது 1.2 மீட்டர், அமெரிக்க விதிப்படி குறைந்தது 60 அங்குலம். காலியாகத்தானே கிடக்கிறது என்று யாராவது அதில் வண்டியைச் செருகினால், சக்கர நாற்காலியில் வருகிறவர் தம் காருக்குள் ஏறவே முடியாது.

உங்கள் ஒப்பந்தத்தில் 'பே' என்று மட்டும் இருப்பதோடு திருப்தி அடைந்துவிடாதீர்கள். அதற்கு முன்னால் 'அலகேட்டட்' என்ற சொல் இருக்கிறதா, எண் குறிப்பிட்டிருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அந்தக் கட்டம் உங்களுக்கென்று ஒதுக்கியது. 'பெர்மிட்' என்று மட்டும் இருந்தால் நிறுத்த அனுமதி உண்டு, இடம் காலியாக இருக்கும் என்ற உறுதி இல்லை. இரவு பதினொரு மணிக்கு வீடு திரும்பும்போதுதான் இரண்டுக்கும் உள்ள வேறுபாடு புரியும்.

தெருவோரத்துக்கும் தனிச் சொற்கள். சாலையிலேயே நிறுத்துவது 'ஆன் ஸ்ட்ரீட்', சாலைக்கு வெளியே லாட்டிலோ கராஜிலோ நிறுத்துவது 'ஆஃப் ஸ்ட்ரீட்'. முதல் பார்க்கிங் மீட்டர் 1935 ஜூலை 16 அன்று அமெரிக்காவின் ஓக்லஹோமா சிட்டியில் நட்டது. ஒரு மணி நேரத்துக்கு 5 சென்ட். பிரிட்டனுக்கு அது 1958இல்தான் வந்தது, லண்டனின் மேஃபேர் பகுதியில். நெடுஞ்சாலையில் சற்று ஒதுங்கி நிற்க விட்டிருக்கும் இடத்தைப் பிரிட்டனில் 'லே பை' என்கிறார்கள். அமெரிக்கர்களுக்கு அது 'டர்ன் அவுட்' அல்லது 'புல் அவுட்'. ஆஸ்திரேலியக் கடையில் 'லே பை' என்று கண்டால் வண்டியை நிறுத்த இடம் தேடாதீர்கள். அங்கே அது தவணை கட்டி முடித்த பிறகு பொருளை எடுத்துப் போகும் ஏற்பாடு.

பலகைகளில் பணம் போகக்கூடிய நுட்பம் ஒன்று இருக்கிறது. நியூயார்க்கில் மூன்று விதமான தடைகள். 'நோ பார்க்கிங்' என்ற இடத்தில் ஆளையோ பொருளையோ ஏற்றி இறக்கக் கொஞ்சம் நிற்கலாம். 'நோ ஸ்டாண்டிங்' என்ற இடத்தில் ஆளை ஏற்றி இறக்க மட்டுமே நிற்கலாம், பொருளுக்கு அனுமதி இல்லை. 'நோ ஸ்டாப்பிங்' என்றால் எதற்காகவும் நிற்கக் கூடாது. தமிழில் மூன்றையும் 'நிறுத்தக் கூடாது' என்றே மொழிபெயர்ப்போம். 'ஸ்டாண்டிங்' பலகையைப் பார்த்துவிட்டு நடைபாதையில் நிற்கவே தயங்கியவரையும் எனக்குத் தெரியும். பிரிட்டனில் இந்தச் சொற்களுக்குப் பதில் 'வெயிட்டிங்' வரும். ஓரத்தில் இரட்டை மஞ்சள் கோடு இருந்தால் எந்த நேரமும் 'வெயிட்டிங்' கூடாது. ஓட்டுநர் ஸ்டியரிங்கில் கை வைத்துக்கொண்டு உள்ளேயே உட்கார்ந்திருந்தாலும் அது வெயிட்டிங்தான்.

கடைசியாக, ஆங்கிலம் பேசுகிறவர்களே சொல்லிச் சிரிக்கும் புதிர்: டிரைவ்வேயில் காரை நிறுத்துகிறோம், பார்க்வேயில் காரை ஓட்டுகிறோம், இதென்ன மொழி? டிரைவ்வே என்பது தெருவிலிருந்து வீட்டுக்குள் வண்டி ஏறும் சொந்தப் பாதை. வீடு பெரிதாகவும் பாதை நீளமாகவும் இருந்த காலத்தில் அதில் ஓட்டத்தான் செய்தார்கள். பாதை குறுகிக் கார் நீளத்துக்கு வந்தபின் நிறுத்துமிடமாயிற்று. அமெரிக்கர் 'இன் த டிரைவ்வே' என்பார், பிரிட்டிஷ்காரர் 'ஆன் த டிரைவ்' என்பார். பார்க்வே என்ற சொல்லை 1860களில் உருவாக்கியவர்கள் அமெரிக்காவில் பூங்காக்களை வடிவமைத்த ஃபிரெடரிக் லா ஓம்ஸ்டெட்டும் கால்வர்ட் வாக்ஸும். பூங்காவுக்கு இட்டுச் செல்லும் மரங்கள் சூழ்ந்த அகன்ற சாலை என்பது அவர்கள் எண்ணம். அதில் இருக்கும் 'பார்க்' உண்மையாகவே பூங்கா. ஆனால் பிரிட்டனில் 1972இல் பிரிஸ்டல் பார்க்வே என்ற ரயில் நிலையம் திறந்தபின் அந்தச் சொல் திசை மாறிவிட்டது. காரை விட்டுவிட்டு ரயில் ஏறுவதற்கென்று ஊருக்கு வெளியே அமைத்த நிலையங்களுக்கெல்லாம் அதே பெயரை வைக்கத் தொடங்கினார்கள். அங்கே பார்க்வே என்ற பெயர்ப்பலகையைப் பார்த்து இறங்கினால், வெளியே முதலில் கண்ணில் படுவது கார் பார்க்.